குழலின் உள்பக்கம்

(கும்பகோணத்தில் ஆற்றிய சொற்பொழிவின் அச்சு வடிவம்)



‘கைத்தொழிலின் கண்ணியம்’ என்ற தலைப்பில் பேசச் சொல்லியிருக்கிறார்கள். அழைப்பிதழைப் பார்த்ததும் எனக்குச் சற்றுக் கலக்கமாகத்தான் இருந்தது. ரொம்பச் சுலபமான தலைப்பு, அதுதான் கலக்கம். குயவரைப் புகழலாம், நெசவாளரைப் புகழலாம், இயந்திரத்தை ஒரு பிடி பிடிக்கலாம். முக்கால் மணி நேரம் போவதே தெரியாது. கடைசியில் பொன்னாடையைப் போர்த்திக்கொண்டு இறங்கிவிடலாம். அந்தப் பொன்னாடை எந்த விசைத்தறியில் ஓடியது என்று யாரும் கேட்கப்போவதில்லை.

அப்படிப் பேச எனக்கு மனமில்லை. ஒரே ஒரு பொருளை எடுத்துக்கொள்கிறேன். இந்த ஊரில் அதற்கா பஞ்சம்? பேருந்து ஏறினால் சுவாமிமலையில் ஐம்பொன் சிலை, நாச்சியார்கோவிலில் குத்துவிளக்கு, திருபுவனத்தில் பட்டு. இந்த மூன்றையும் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள், இனியும் எழுதுவார்கள். சிலை கண்ணுக்கு முன்னால் நிற்கிறது. விளக்கு நிற்கிறது. புடவை தலைமுறை தாண்டிப் பெட்டியில் கிடக்கிறது. பார்த்ததும் செய்தவருடைய கை நினைவுக்கு வந்துவிடும். நான் எடுத்துக்கொள்ளும் பொருளில் அந்த வசதி இல்லை. அதை நாம் பார்ப்பதில்லை, கேட்கிறோம். கேட்கும்போது வாசிப்பவர்தான் நினைவில் இருக்கிறார். நாகசுரத்தைச் சொல்கிறேன்.

கும்பகோணத்திலிருந்து மயிலாடுதுறை போகிற வழியில் ஆடுதுறையைத் தாண்டியதும் நரசிங்கம்பேட்டை வருகிறது. சின்ன ஊர், சின்ன ரயில் நிலையம். தமிழ்நாட்டில் பேர் சொல்லும் நாகசுர வித்துவான்களில் பலருடைய கையில் இருந்த குழல், இருக்கிற குழல், இந்த ஊரில் கடைந்தது. 2022 மார்ச்சில் நரசிங்கம்பேட்டை நாகசுரத்துக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. செய்தித்தாளில் ஒரு நாள் படம் வந்தது. அதற்கு முன்பே பல தலைமுறையாக அங்கே சில ஆசாரி குடும்பங்கள் இந்த ஒரே வேலையைச் செய்துகொண்டிருந்தன. இன்றும் ஒரு சில குடும்பங்கள் செய்கின்றன.

நாகசுரத்தை இரண்டு முக்கியப் பகுதியாகச் சொல்லலாம். நீளமான குழல் பகுதிக்கு உலவு என்று பெயர். அடியில் விரிந்திருக்கும் வாய், அணசு. உலவுக்கு ஆச்சா மரம், அணசுக்குப் பெரும்பாலும் வாகை. உச்சியில் கெண்டை என்கிற சிறிய உலோகக் குழாய். அதன்மேல் சீவாளி. காவிரிக் கரையில் வளரும் கொறுக்கந்தட்டையை வெட்டிக் காயவைத்து, நெல்லோடு சேர்த்து அவித்துப் பக்குவப்படுத்தி அந்தச் சீவாளியைச் செய்கிறார்கள். அது தனித் தொழில், வேறு கைகள். வித்துவான்களின் நாகசுரத்தில் கொத்தாகத் தொங்குகிறதே, அவை மாற்றுச் சீவாளிகளும் அவற்றைச் சரிசெய்கிற ஊசியும்தான். சிறு பிள்ளைகள் அதை அலங்காரம் என்று நினைப்பார்கள். பெரியவர்களிலும் சிலர் அப்படித்தான் நினைக்கிறார்கள்.

மரத்துக்கு வருவோம். ஆச்சா கனமான மரம், தண்ணீரில் போட்டால் மூழ்கும். இதில் ஒரு விசித்திரம் உண்டு: புதிதாக வெட்டிய ஆச்சா இந்த வேலைக்கு ஆகாது. காட்டிலிருந்து வந்த மரத்தைத் தொடமாட்டார்கள். இடித்த பழைய வீட்டிலிருந்து வந்த உத்திரம், தூண், கைமரம், இவைதான் வேண்டும். எழுபது, எண்பது, நூறு வருஷம் ஒரு கூரையைத் தாங்கி நின்ற கட்டை.

இதைக் கேட்டதும் நமக்கு மெய் சிலிர்க்கிறது. பழமையின் மகிமை என்று ஆரம்பித்துவிடுவோம். ஆசாரிக்கு அந்தச் சிலிர்ப்பெல்லாம் கிடையாது. அவருடைய கணக்கு வேறு. நாகசுரத்துக்குள் போவது மூச்சு, மூச்சில் ஈரம் இருக்கிறது. ஒரு சுவாமி புறப்பாட்டில் மணிக்கணக்காக ஊதுகிறார்கள், உள்ளே நனைகிறது. பிறகு உறையில் போட்டு வைக்கிறார்கள், காய்கிறது. மறுநாள் மறுபடியும் நனைகிறது. மரம் என்பது ஈரம் ஏறினால் விரியும், இறங்கினால் சுருங்கும். பச்சை மரமாக இருந்தால் ஒரு கோடையில் கோணிவிடும், அல்லது நெடுக வெடித்துவிடும். வெடித்த குழலில் சுரம் நிற்காது. நூறு வருஷம் வெயிலும் மழையும் பார்த்த உத்திரம் விரிவதையும் சுருங்குவதையும் அநேகமாக முடித்துவிட்டது. இனி அது அவ்வளவாக அசையாது. அதற்காகத்தான் பழைய மரம். ஆணி அடித்து உள்ளே துரு ஏறின உத்திரம் என்றால் எவ்வளவு பழையதானாலும் அந்தப் பகுதியை ஒதுக்கிவிடுவார். நமக்குப் பழமை ஒரு உணர்ச்சி. அவருக்கு அது மரத்தின் ஒரு குணம், அவ்வளவுதான்.

கட்டையை நீளத்துக்கு அறுத்து, சதுரித்து, முனை மழுக்கி உருட்டாக்குகிறார்கள். பிறகு கடைசல். பழைய கடைசல் பட்டறையில் இரண்டு பேர் வேண்டும். ஒருவர் கட்டையைச் சுற்றிய கயிற்றை இழுத்து இழுத்து விட, கட்டை சுழலும். இன்னொருவர் உளியைப் பிடிப்பார். கயிறு இழுக்கிறவர் பெரும்பாலும் வீட்டுப் பிள்ளை. இப்போது மின்மோட்டார் வந்துவிட்டது. ‘ஐயோ, மோட்டார் வந்துவிட்டதே’ என்று கட்டுரை எழுதுகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன். கயிறு இழுத்த பிள்ளையிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு எழுதியிருக்கலாம். கையால் செய்வது என்றால் எல்லாவற்றையும் கையாலேயே செய்ய வேண்டும் என்று அர்த்தமில்லை. எந்த இடத்தில் கை தீர்மானிக்கிறது என்பதைப் பார்க்க வேண்டும். மோட்டார் கட்டையைச் சுழற்றுகிறது. உளியை எவ்வளவு ஆழத்துக்கு விடுவது, எப்போது எடுப்பது என்பதை அது தீர்மானிக்கவில்லை.

தீர்மானம் எங்கே நடக்கிறதென்றால், உள்ளே. இன்றைக்கு நான் சொல்ல வந்த விஷயமே இதுதான், ஆகவே இதில் கொஞ்சம் நின்று போகிறேன்.

நாகசுரத்தின் துளை மேலிருந்து கீழ்வரை ஒரே அகலமாக இருக்காது. உச்சியில் குறுகி, கீழே வர வர விரியும். கூம்பு வடிவம். சீவாளி வைத்து ஊதுகிற வாத்தியத்தில் இந்தக் கூம்பு ரொம்ப முக்கியம். ஒரே அகலமுள்ள குழாயில் சீவாளியை மாட்டி அழுத்தி ஊதினால் அடுத்த ஸ்தாயி சரியாக வராது, எங்கேயோ எட்டிப் பஞ்சமத்துக்குப் போய்விடும். கூம்பாக இருந்தால்தான் அதே விரலுக்கு அதே சுரம் மேல் ஸ்தாயியில் பேசும். எந்த இடத்தில் எவ்வளவு விரிய வேண்டும் என்பதில் நூலளவு பிசகினாலும், கீழ் ஸட்ஜமும் மேல் ஸட்ஜமும் சேராது. ஏழு விரல் துளைகளையும் எவ்வளவு சரியாகப் போட்டிருந்தாலும் அந்தப் பிசகை மூடி மறைக்க முடியாது.

இந்தத் துளையை எப்படிப் போடுகிறார்கள்? நீண்ட துரப்பணக் கம்பிகள் வைத்திருக்கிறார்கள். முதலில் மெல்லியது, பிறகு அதைவிடப் பருமனானது, அப்புறம் இன்னும் பருமனானது. ஒவ்வொன்றையும் ஒவ்வொரு ஆழம் வரைக்கும் விட்டு, படிப்படியாகச் சரிவை உண்டாக்குகிறார்கள். பிறகு அந்தப் படிகள் தெரியாமல் உள்ளே சுரண்டி வழவழப்பாக்குகிறார்கள். இவ்வளவும் கண்ணுக்குத் தெரியாத இடத்தில் நடக்கிறது. இரண்டு முனையிலிருந்தும் எட்டிப் பார்த்தால் ஒரு வெளிச்ச வட்டம் தெரியும், அவ்வளவுதான். கம்பி மரத்தை எப்படிக் கடிக்கிறது என்று கைக்குத் தெரியும். சுரண்டும்போது எழும் சத்தம் எப்போது மாறுகிறது என்று காதுக்குத் தெரியும். ஊதிப் பார்த்தால் மிச்சம் தெரியும். ஆகவே நாகசுரம் செய்கிறவருக்குச் சுரஞானம் இல்லாமல் முடியாது. கச்சேரி பண்ணவேண்டியதில்லை. ஆனால் காந்தாரம் கொஞ்சம் தூக்கி நிற்கிறது என்று சொல்லத் தெரிய வேண்டும், அதற்கு எங்கே சுரண்டுவது என்றும் தெரிய வேண்டும்.

விரல் துளைகள் ஏழு. அவற்றுக்குக் கீழேயும் சில துளைகள் இருக்கின்றன, அவற்றை விரலால் மூடுவதில்லை. சுருதியைச் சரிசெய்ய அவற்றில் மெழுகு வைத்து அடைத்தோ குறைத்தோ கொள்வார்கள். அதாவது, செய்தவர் தன் வேலையை முடிக்கும்போதே வாசிப்பவருக்கும் கொஞ்சம் வேலையை விட்டுவைக்கிறார். ‘நான் இதுவரைதான், மிச்சம் உன் காது’ என்கிற மாதிரி. இந்த அடக்கம் எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

இப்போது யோசித்துப் பாருங்கள். வெளியே கறுப்பாகப் பளபளக்கிறதே, அதைப் பார்த்துத்தான் விவரம் தெரியாதவர் வாங்குவார். உள்ளே எப்படி இருக்கிறது என்று கடையில் யாருக்கும் தெரியாது. உள்பக்கத்தைச் சுமாராக விட்டுவிட்டு வெளியே நன்றாக எண்ணெய் போட்டு விற்றால், பாதிப் பேர் வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள். கல்யாண மண்டப இரைச்சலில் காந்தாரம் தூக்கியிருக்கிறதா தாழ்ந்திருக்கிறதா என்று யார் கேட்கப்போகிறார்கள்? யாரும் பார்க்காத, பெரும்பாலோர் கேட்டும் அறியாத அந்த உள்பக்கத்துக்கு ஒருவர் தன் நாளில் பெரும்பகுதியைக் கொடுக்கிறார். சரியில்லை என்று அவருக்கே பட்டால், பல நாள் வேலையை ஓரமாகக் கழித்து வைக்கிறார். போதும் என்று சொல்கிற அதிகாரம் அவரிடம் இருக்கிறது. வாங்குகிறவரிடம் இல்லை, முதலாளியிடம் இல்லை, கெடு வைத்தவரிடம் இல்லை. கைத்தொழிலின் கண்ணியம் என்று ஒன்று உண்டானால் அது இந்த அதிகாரம்தான் என்று நான் நினைக்கிறேன். வறுமையில் வாடியும் தொழிலை விடாதவர் என்று நாம் உருகுகிறோமே, அது கண்ணியம் இல்லை. அது நம்முடைய வெட்கக்கேடு.

இந்த உள்பக்க வேலைக்கு ஓர் உதாரணம் சொல்கிறேன். நாகசுர வித்துவான் திருவாவடுதுறை டி. என். ராஜரத்தினம் பிள்ளையைப் பற்றி இந்த ஊரில் நான் சொல்லித்தான் தெரிய வேண்டும் என்பதில்லை. 1898-இல் பிறந்தவர், 1956-இல் மறைந்தார். தோடி ராகம் என்றால் அவர் என்று ஆன பிறகும் இரண்டு தலைமுறை ஓடிவிட்டது. அவர் வாழ்ந்த திருவாவடுதுறை நரசிங்கம்பேட்டைக்குப் பக்கத்து ஊர். ரயிலில் வந்தால் நரசிங்கம்பேட்டையில்தான் இறங்க வேண்டும்.

அந்தக் காலத்தில் பரவலாக வாசித்தது திமிரி நாகசுரம். குட்டையானது, சுருதி உச்சம். நாலு வீதியும் கேட்க வேண்டிய வாத்தியம் அப்படித்தான் இருக்க வேண்டும். பிள்ளையின் காலத்தில் நிலைமை மாறியது. நாகசுரம் வீதியிலிருந்து சபாவுக்கு வந்தது, வானொலிக்கு வந்தது, ஒலிபெருக்கி வந்தது. தூரத்துக்குக் கேட்கவைப்பதை இனி ஒலிபெருக்கி பார்த்துக்கொள்ளும். வாசிப்பவருக்கு ஆழமும் கார்வையும் வேண்டியிருந்தன. இது என் கணிப்பு, இசை வரலாறு அறிந்தவர்கள் திருத்தலாம். தவிர, திமிரியில் இன்னொரு தொல்லையும் இருந்தது. சுத்த மத்திமம் சுத்தமாக நிற்காது. விரலாலும் உதட்டாலும் இழுத்துப் பிடித்துச் சரிக்கட்ட வேண்டும். தோடியைப் பிழிந்து பிழிந்து வாசிக்கிற ஒருவருக்கு இது எவ்வளவு உபத்திரவமாக இருந்திருக்கும்!

நரசிங்கம்பேட்டை ரங்கநாதன் ஆசாரி இந்த இரண்டுக்கும் சேர்த்து வழி கண்டார். 1950-களில், நீளமான, சுருதி தாழ்ந்த, சுத்த மத்திமம் தானாகப் பேசுகிற பாரி நாகசுரத்தை அவர் பிள்ளைக்காகச் செய்துகொடுத்தார். இன்றைக்குக் கச்சேரி மேடையில் நீங்கள் பார்ப்பது பெரும்பாலும் அந்தப் பாரிதான். இரண்டு, இரண்டரைக் கட்டையில் வாசிக்கிறார்களே, அது.

‘நீளமாகச் செய்தார்’ என்று நான் சுருக்கமாகச் சொல்லிவிட்டேன். சட்டையை இரண்டு அங்குலம் கூட்டித் தைப்பது போன்ற வேலையா இது? குழல் நீண்டால் துளைகளுக்கு இடையே உள்ள தூரமும் நீள வேண்டும். மனிதக் கையோ நீளாது. விரல் எட்டுகிற இடத்தில் துளை போட்டால் சுரம் ஏறிவிடும். ஏறின சுரத்தை இறக்கத் துளையைச் சிறிதாக்க வேண்டும். சிறிதாக்கினால் நாதம் அடைபடும், கமகத்துக்கு விரல் வழுக்க இடம் போதாது. அதற்கு உள்துளையின் சரிவை மாற்ற வேண்டும். அதை மாற்றினால் மேல் ஸ்தாயி நழுவும். ஒன்றைத் தொட்டால் இன்னொன்று ஆடும். இதற்கு ஒலியியல் நூல் அவரிடம் இருந்திருக்காது. மரம், உளி, தன்னுடைய காது, பக்கத்து ஊரில் ஒரு மகாவித்துவானின் காது, இவ்வளவையும் வைத்துக்கொண்டு அவர் அந்த முடிச்சை அவிழ்த்தார். ஆராய்ச்சி என்று சொல்ல நமக்கு ஏன் வாய் வரமாட்டேன் என்கிறது? ஆய்வகத்தில் வெள்ளை அங்கி போட்டவர் செய்திருந்தால் சொல்லியிருப்போம் அல்லவா?

பிள்ளையின் பெயர் தெரியாத இசை ரசிகர் இல்லை. ஆசாரியின் பெயர் தெரிந்தவர் இந்தக் கூட்டத்தில் எத்தனை பேர்? கை தூக்கச் சொல்லி யாரையும் சங்கடப்படுத்தவில்லை.

‘கொஞ்சும் சலங்கை’ படம் 1962-இல் வந்தது. எஸ். ஜானகியின் குரலோடு காருகுறிச்சி அருணாசலத்தின் நாகசுரம் சேர்ந்து ஓடுகிற பாட்டை இன்றைக்கும் கேட்கிறோம். 1968-இல் ‘தில்லானா மோகனாம்பாள்’. சிவாஜி கன்னத்தை உப்பியது நமக்குத் தெரியும். நாதம் மதுரை சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்களுடையது என்பதும் தெரியும். நடித்தவர், வாசித்தவர், எழுதிய கொத்தமங்கலம் சுப்பு, எல்லோருக்கும் பெயர் இருக்கிறது. இருக்க வேண்டியதுதான். அந்தக் குழல்களைக் கடைந்தது யார் என்று எந்தப் பேட்டியிலாவது யாராவது கேட்டு நான் படித்ததில்லை. கச்சேரி அழைப்பிதழில் தவிலுக்குப் பெயர் இருக்கிறது, சில சமயம் ஒலிபெருக்கிக்காரருக்கும் இருக்கிறது. வாத்தியம் செய்தவருக்கு இல்லை.

இத்தாலியில் கிரெமோனா என்று ஒரு ஊர். அங்கே வயலின் செய்தவர் ஸ்ட்ராடிவாரி, இறந்தது 1737-இல். இன்றைக்கும் அவர் செய்த வயலினை வாசிக்கிறவர், வாசிப்பதற்கு முன்னால் அவர் பெயரைப் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறார். அந்த ஊரில் 1938 முதல் வயலின் செய்யக் கற்றுக்கொடுக்கும் பள்ளி இருக்கிறது. உலகத்தின் பல மூலைகளிலிருந்து வந்து படிக்கிறார்கள். 2012-இல் யுனெஸ்கோ அந்தக் கைத்திறனைத் தன் பட்டியலில் சேர்த்தது. நம் மாவட்ட அரசு இசைப்பள்ளிகளில் நாகசுரம் வாசிக்கக் கற்றுக்கொடுக்கிறார்கள், நல்ல காரியம். செய்யக் கற்றுக்கொடுக்கவும் ஓர் அறை இருந்தால் என்ன?

இந்தக் கேள்வியை நான் கேட்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. இதைச் சொல்லாவிட்டால் இந்தப் பேச்சு பாதி உண்மையாகத்தான் இருக்கும்.

கைத்தொழிலின் பெருமையைப் பற்றி உலகுக்குச் சொன்னவர்களில் ஆனந்த குமாரசுவாமி முக்கியமானவர். 1877-இல் கொழும்பில் பிறந்தவர், யாழ்ப்பாணத் தமிழரான முத்துக் குமாரசுவாமியின் மகன். 1909-இல் இந்தியக் கைவினைஞரைப் பற்றித் தனிப் புத்தகமே எழுதினார். கைவினைஞருக்கு ஊர் கொடுத்த பாதுகாப்பு, தகப்பனிடமிருந்து மகனுக்கு வரும் தொழில், அதிலிருந்த நிம்மதி, இவற்றையெல்லாம் அழகாக எடுத்துச்சொன்னார். நான் அவரை மதித்துப் படிக்கிறவன். ஆனால் அந்தப் புத்தகத்தைத் தமிழ்நாட்டில் உட்கார்ந்து படிக்கும்போது 1953 குறுக்கே வந்து நிற்கிறது. ராஜாஜி முதலமைச்சராக இருந்தபோது கொண்டுவந்த கல்வித் திட்டம்: பிள்ளைகள் நாளில் ஒரு பகுதி பள்ளிக்கூடம், மற்ற நேரம் வீட்டில் தகப்பன் தொழில். குலக்கல்வித் திட்டம் என்று பெரியார் அதை எதிர்த்தார், திராவிட முன்னேற்றக் கழகம் எதிர்த்தது, காங்கிரசுக்குள்ளேயே எதிர்ப்பு இருந்தது. 1954-இல் ராஜாஜி பதவி விலகினார், காமராஜர் வந்து திட்டத்தைக் கைவிட்டார்.

ரங்கநாதன் ஆசாரி பட்டறையில் பாரியின் முடிச்சு அவிழ்ந்ததும் அதே 1950-களில்தான். இரண்டையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. தொழில் உயர்ந்தது, அதில் சந்தேகமில்லை. அதைக் கட்டாயமாக ஒருவர் தலையில் கட்டுவது இழிவு, அதிலும் சந்தேகமில்லை. நாகசுரம் வாசித்தவர்களுக்கே இந்த ஊர்கள் என்ன மரியாதை கொடுத்தன? பெரிய மனிதர் எதிரில் தோளில் துண்டு போடக்கூடாது, இடுப்பில் கட்டிக்கொள்ள வேண்டும் என்று வைத்திருந்தோம். சுயமரியாதை இயக்கத்தார் அதை எதிர்த்து நின்றார்கள். ராஜரத்தினம் பிள்ளை கிராப்பு வெட்டிக்கொண்டு, ஷெர்வானி போட்டுக்கொண்டு மேடை ஏறியதை வெறும் ஆடம்பரம் என்று பேசினவர்கள் உண்டு. அது ஆடம்பரமா? துண்டுக்குச் சொன்ன பதில். வாசித்தவர்கள் போராடித் தங்கள் மரியாதையை வாங்கிக்கொண்டார்கள். செய்தவர்கள் பட்டறைக்குள்ளேயே இருந்ததால், அந்தச் சண்டையில் அவர்கள் பெயர்கூட அடிபடவில்லை.

ஆகவே, நாகசுரம் செய்கிறவரின் மகன் பொறியியல் படித்துச் சென்னைக்கோ சிங்கப்பூருக்கோ போனால் எனக்குத் துக்கமில்லை. ‘பாரம்பரியத்தைக் கைவிட்டான்’ என்று புலம்புகிறவர், தன் பிள்ளையைக் கடைசல் பட்டறைக்கு அனுப்பத் தயாரா என்று கேட்டுவிட்டுப் புலம்பட்டும். எனக்குத் துக்கம் வேறு இடத்தில். அந்த மகனுக்கே இதில் ஆசை இருந்து, வருமானம் போதாமல் விட்டுப் போகிறானே, அங்கே. ஆசாரி வீட்டில் பிறக்காத ஒரு பெண், ஒரு பையன், இதைக் கற்றுக்கொள்ள விரும்பினால் போய் உட்கார ஒரு திண்ணை இல்லையே, அங்கே. பிறப்பால் ஒருவரைத் தொழிலில் கட்டிப்போடுவதை எதிர்த்தோம். அதே பிறப்பைக் காரணம் காட்டி இன்னொருவருக்குக் கதவைச் சாத்துவதையும் எதிர்க்க வேண்டும் அல்லவா?

பணத்தைப் பற்றியும் கொஞ்சம் பேச வேண்டும். கண்ணியம் என்று தலைப்பு வைத்துவிட்டால் பணத்தைப் பற்றிப் பேசுவது நாகரிகமில்லை என்று ஒரு நினைப்பு நம்மிடம் இருக்கிறது. பல நாள் உழைத்துச் செய்த நாகசுரத்துக்கு ஒரு நல்ல கைபேசியின் விலையைக் கேட்கவே செய்தவர் தயங்குகிறார். ஏனென்றால் எதிரில் நிற்கிற நாகசுரக்காரர் பணக்காரர் இல்லை. முகூர்த்த நாள் கைகொடுத்தால் உண்டு, ஆடி மாதமும் மார்கழி மாதமும் அவருக்குப் பட்டினி மாதம். கல்யாண மண்டபத்துக்கு லட்சக்கணக்கில் கொடுக்கிறோம், மேளக்காரரிடம் வந்ததும் பேரம் பேசுகிறோம். அந்தப் பேரத்தின் கடைசி நுனி நரசிங்கம்பேட்டையில் போய்க் குத்துகிறது. புவிசார் குறியீடு வந்தால் போலி குறையும், ஊர்ப் பெயர் காப்பாற்றப்படும். சரி. மேளக்காரரின் சம்பளம் ஏறாமல் குழலின் விலை ஏறாது. குறியீட்டுச் சான்றிதழைக் கண்ணாடிச் சட்டத்தில் மாட்டி வைத்துக்கொள்ளலாம், அரிசி வாங்க முடியாது.

மரத்தின் கதையும் நெருக்கடிக்கு வந்துவிட்டது. நூறு வருஷத்து ஆச்சா வேண்டும் என்றால், நூறு வருஷத்துக்கு முன்னால் யாரோ ஆச்சாவில் வீடு கட்டியிருக்க வேண்டும். தஞ்சைப் பக்கத்து ஓட்டு வீடுகளும், செட்டிநாட்டுப் பக்கத்துப் பெரிய வீடுகளும் இடிய இடிய மரம் கிடைத்துக்கொண்டிருந்தது. ஒரு வீடு ஒருமுறைதான் இடியும். இப்போது கட்டுகிற கான்கிரீட் வீடுகள் இடிந்தால் கம்பியும் கல்லும்தான் மிஞ்சும். நம் கும்பேசுவரர் கோயிலில் கல் நாகசுரம் ஒன்று இருக்கிறது, பார்த்திருப்பீர்கள். அதைச் செய்த கைக்கு ஒரு கும்பிடு. ஆனால் அதைத் தூக்கிக்கொண்டு வீதி வலம் வர முடியாது. மாற்று மரங்களைச் சோதித்துப் பார்க்கலாம். ஆச்சாவை வெட்டி வருஷக்கணக்கில் முறையாகப் பதப்படுத்தி வைக்கலாம். வனத்துறையும் மர ஆராய்ச்சிக்காரர்களும் பட்டறைக்காரர்களும் ஒரே மேசையில் உட்கார்ந்தால் செய்யக்கூடிய காரியம்தான். அந்த மேசைக்குப் பட்டறைக்காரரை நாற்காலி போட்டு அழைக்க வேண்டும், வாசலில் நிற்கவைத்துக் கேட்கக்கூடாது.

அது நடக்கிறபோது நடக்கட்டும். இந்த அரங்கத்தில் இருப்பவர்களில் பலருக்குச் சோலையப்பன் தெருவிலோ, பக்கத்துக் கிராமத்திலோ தாத்தா காலத்து வீடு ஒன்று இருக்கும். பங்காளிகள் கையெழுத்துப் போட்டதும் இடிக்கத்தான் போகிறீர்கள், அதில் நான் தலையிடவில்லை. இடிப்பதற்கு முன்னால் பழைய மர வியாபாரியைக் கூப்பிடுவீர்கள், அவர் வந்து எல்லாவற்றையும் மொத்தமாக ஒரு விலை பேசுவார், கதவு நிலை மட்டும் தேக்கு என்று சொல்லி மிச்சத்தை விறகு விலைக்குக் கேட்பார். அந்த மிச்சத்தில் ஆச்சா உத்திரம் இருக்கலாம். அவருக்குப் போன் பண்ணுவதற்கு முன்னால் நரசிங்கம்பேட்டைக்கு ஒரு நடை போய்வாருங்கள். பட்டறை எங்கே என்று ரயில் நிலையத்தில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். வந்து தட்டிப் பார்த்து, எது ஆகும் எது ஆகாது என்று அவர்களே சொல்லிவிடுவார்கள். விறகு விலையைவிடக் கூடவே கொடுப்பார்கள்.